பொழுதுதின்னி: இல்லாத ஒரு செடிக்கு இடம் தேடிய அனுபவம்

பொழுதுதின்னி என்று ஒரு செடி எந்தக் காட்டிலும் கிடையாது. மலேசியாவில், பினாங்கில் நான் நடத்தும் சனிக்கிழமைக் கதை வகுப்பில் பிள்ளைகள் உண்டாக்கிய செடி அது. அது பூத்திருக்கும்போது பூவைச் சுற்றி ஒரு சாண் தூரத்துக்குக் காலம் மெதுவாக நகரும். உள்ளே ஒரு மணி நேரம் என்றால் வெளியே ஏழு மணி நேரம். அவ்வளவுதான் அதன் வித்தை. யாரையும் பழைய காலத்துக்குக் கூட்டிப் போகாது, நாளை நடப்பதைக் காட்டாது, கிழவரைக் குமரன் ஆக்காது. இந்தச் சின்ன வித்தையை வைத்துக்கொண்டு ஐந்தாம் ஆறாம் ஆண்டுப் பிள்ளைகள் எழுதிய கதைகள், நான் இதுவரை வாசித்த மாயச்செடிக் கதைகளைவிட எவ்வளவோ நன்றாக இருந்தன. எப்படி என்பதைத்தான் எழுதுகிறேன். பிள்ளைகளுக்குக் கதை எழுதச் சொல்லிக் கொடுப்பவர்களுக்கும், தாங்களே இப்படி ஒன்றைக் கற்பனை செய்து பார்க்க ஆசைப்படுபவர்களுக்கும் உதவலாம்.

இங்கே தமிழ்ப்பள்ளியில் படித்த யாருக்கும் தன்கதை தெரியும். ‘நான் ஒரு மிதிவண்டி. நான் ஒரு தொழிற்சாலையில் பிறந்தேன்.’ கடைசிப் பத்தியில் மிதிவண்டி கொல்லைப்புறத்தில் துருப்பிடித்துக் கிடந்து கண்ணீர் வடிக்கும். ஆறாம் ஆண்டு முடிவில் எழுதும் அரசுத் தேர்வான யு.பி.எஸ்.ஆரை 2021-இல் எடுத்துவிட்டார்கள். அந்த அச்சு மட்டும் இன்னும் போகவில்லை. காலத்தை வளைக்கும் செடியைப் பற்றி எழுதுங்கள் என்றால் முதலில் வருவது இதுதான்: ‘நான் ஓர் அதிசயச் செடி. என்னைத் தொட்டவர்கள் பழங்காலத்துக்குப் போய்விடுவார்கள்.’ தொட்டவர் நேரே தஞ்சாவூருக்குப் போவார், இராஜராஜ சோழனைப் பார்ப்பார், கல் சுமப்பார், அம்மா தட்டி எழுப்புவார். எல்லாம் கனவு.

இதில் செடிக்கு என்ன வேலை? ஒன்றுமில்லை. செடியை எடுத்துவிட்டு ஒரு மோதிரத்தையோ பழைய டிரங்குப் பெட்டியையோ வைத்தால் கதை ஒரு வரி மாறாமல் ஓடும். இதைத்தான் இப்போது முதல் சோதனையாக வைத்திருக்கிறேன். செடியின் இடத்தில் வேறொரு பொருளை வைத்து வாசித்துப் பார், கதை நடந்தால் அது செடிக் கதை இல்லை. பிள்ளைகளுக்கு இது உடனே புரிகிறது. பெரியவர்களுக்குத்தான் கொஞ்சம் கோபம் வரும்.

சரி, செடி என்றால் என்ன என்று தெரியாமல் செடிக் கதை எழுத முடியாது. எனவே தாளை எடுக்குமுன் வெளியே கூட்டிப் போய்விடுவேன். தூரம் போக வேண்டாம். திடல் ஓரத்தில் தொட்டாற்சுருங்கி இருக்கிறது. கைப்பேசியில் நிறுத்தற்கடிகாரத்தை ஓடவிட்டுத் தொடச் சொல்வேன். சுருங்குவதை எல்லாரும் பார்த்திருக்கிறார்கள். மறுபடி விரிவதை உட்கார்ந்து பார்த்தவர்கள் யாருமில்லை. நுனியில் தொட்டால் சின்ன இலைகள் இரண்டிரண்டாக மூடிக்கொண்டே காம்பை நோக்கி வரும். பலமாகத் தட்டினால் கடைசியில் காம்பே தொங்கிவிடும். மூட ஓரிரு வினாடி போதும். திறக்கப் பத்து நிமிடம் வரைக்கும் ஆகும். குந்தியிருந்து கால் வலித்த பிறகு ஒரு பையன் சொன்னான்: “டீச்சர், இது மூடும்போது நம்ம நேரத்துல மூடுது. தொறக்கும்போது அதோட நேரத்துல தொறக்குது.” இதைவிட நல்ல பாட அறிமுகத்தை நான் எழுதியிருக்க முடியாது.

அங்கேயே இரண்டு உண்மைக் கதைகளைச் சொல்வேன். 1729-இல் தெ மைரான் என்ற பிரெஞ்சுக்காரர் இந்த வகைச் செடி ஒன்றை வெளிச்சமே படாத இடத்தில் வைத்துப் பார்த்தார். வெளியே பகல் வந்தபோது இருட்டுக்குள் இருந்த செடியும் இலையை விரித்தது. வெயிலைப் பார்த்து விரிக்கவில்லை, உள்ளே ஏதோ ஒன்று நேரம் பார்க்கிறது என்று அப்போதுதான் சந்தேகம் வந்தது. இன்னொன்று 2014-இல் வெளிவந்த ஆய்வு. தொட்டாற்சுருங்கியைத் தொட்டியோடு சின்ன உயரத்திலிருந்து திரும்பத் திரும்ப விழச் செய்தார்கள். ஆபத்து இல்லை என்று பட்டதும் அது சுருங்குவதை நிறுத்திக்கொண்டது. கிட்டத்தட்ட ஒரு மாதம் கழித்து மறுபடி விழச் செய்தபோதும் சுருங்கவில்லை. இதைக் கேட்டதும் பிள்ளைகள் செடியைப் பார்க்கும் பார்வையே மாறிவிடும்.

வாய்ப்புக் கிடைத்தால், முருகன் கோயில் உள்ள தண்ணீர்மலைக்குப் பக்கத்தில் இருக்கும் தாவரவியல் பூங்காவுக்கும் போவோம். 1884-இல் பழைய கருங்கல் குவாரி இருந்த இடத்தில் சார்ல்ஸ் கர்டிஸ் அமைத்த பூங்கா. தைப்பூசத்துக்கு அந்தப் பக்கம் போகாத தமிழன் இந்தத் தீவில் இல்லை. பூங்காவுக்குள் போனவர்கள் அவ்வளவு பேர் இல்லை. ஒரு எச்சரிக்கை: பையில் பிஸ்கட் வைத்திருப்பவனைக் குரங்கு தூரத்திலிருந்தே கண்டுகொள்ளும். நாங்கள் வாசலுக்கு வெளியிலேயே பசியாறிவிட்டு உள்ளே போவோம்.

சாலையோரத் தூங்குமூஞ்சி மரங்களையும் காட்டுவேன். அந்தி சாயும்போது இலையை மூடிவிடும். மலாய்க்காரர்கள் அதை ‘போகோக் புகுல் லீமா’, ஐந்து மணி மரம் என்கிறார்கள். அந்திமந்தாரைக்கும் அவர்களிடம் ‘புங்கா புகுல் எம்பாட்’, நாலு மணிப் பூ என்றுதான் பெயர்.

இந்த இடத்தில் பாட்டி கதை ஒன்றைச் சொல்லாமல் இருக்க முடிவதில்லை. நான் வளர்ந்தது தீவுக்கு எதிர்க்கரையில், செபராங் பிறைப் பக்கம் ஒரு ரப்பர்த் தோட்டத்தில். தோட்டத் தொழிலாளர் குடியிருப்பான லயத்து வாசலில் பாட்டி அந்திமந்தாரை வைத்திருந்தார். 1982-ஆம் ஆண்டு தொடங்கியபோது, கடலுக்கு அப்பால் கிழக்கே உள்ள சபா, சரவாக்கோடு ஒரே நேரம் இருக்க வேண்டும் என்று தீபகற்பத்தில் கடிகாரத்தை அரை மணி முன்னே தள்ளி வைத்தார்கள். பூ ஒத்துக்கொள்ளவில்லை. கடிகாரம் காட்டுவதைவிட அரை மணி பிந்தியே விரிந்தது. பாட்டிக்கு அதில் பெரிய திருப்தி. “கவர்மெண்டு சொன்னா பூ கேக்குமா?” என்று வருவோர் போவோரிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார். ரப்பர் மரமும் கேட்கவில்லை. விடியுமுன் குளிர்ச்சியில் வெட்டினால் பால் நன்றாக வடியும், வெயில் ஏறினால் வடிவது குறைந்துவிடும். மரத்தின் நேரத்துக்குத்தான் எங்கள் வீட்டில் விளக்கு ஏற்றினார்கள், கடிகாரத்தின் நேரத்துக்கு அல்ல.

இதைப் பிள்ளைகள் பழங்கதை என்று தள்ளாமல் இருக்க, கணக்கு ஒன்று போடச் சொல்வேன். நம் கடிகாரம் கிழக்கே 120 பாகையில் இருக்கும் தீர்க்கரேகையின் நேரத்தைக் காட்டுகிறது. பினாங்கு இருப்பது 100 பாகையை ஒட்டி. ஒரு பாகைக்கு நான்கு நிமிடம். அப்படியென்றால் பினாங்கில் உச்சிப் பொழுது பன்னிரண்டு மணிக்கு வராது, ஒன்றேகால் ஒன்று இருபது வாக்கில்தான் வரும். நம் ஊரில் கடிகாரமே ஒரு மணிக்கு மேல் முந்தி ஓடுகிறது. (காலை ஆறு மணிக்குச் சூரியன் உதிப்பதாக வைத்துக்கொண்டு இராகு காலம் பார்ப்பவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்கலாம்.) காலம் வளைவது என்பது எங்கோ விண்வெளியில் நடக்கும் சமாச்சாரம் இல்லை, சுவரில் மாட்டியிருக்கும் கடிகாரத்திலேயே அது இருக்கிறது என்று பட்டதும் எழுத்து கீழே இறங்கி வருகிறது.

என் அனுபவத்தில் பிள்ளைகளை அசைத்தது புறா ஆர்க்கிட். இங்கே சாலை மரங்களின் கிளைகளில் தானாகத் தொற்றி வளரும் வெள்ளைப் பூ. மொட்டு உள்ளேயே தூங்கிக்கொண்டிருக்கும். கடும் மழை பெய்து சட்டென்று வெப்பம் இறங்கினால் அதற்கு எண்ணிக்கை தொடங்கிவிடும். ஒன்பது நாள் கழித்து அந்த வட்டாரத்தில் இருக்கும் எல்லாச் செடியும் ஒரே காலையில் பூக்கும், இரவுக்குள் வாடிவிடும். ஒரு சனிக்கிழமை வகுப்பு நடக்கும்போதே புயல்மழை கொட்டியது. நாட்காட்டியில் அடுத்த வாரத்துக்கும் அப்பால் உள்ள திங்கட்கிழமையைச் சுற்றி வட்டம் போடச் சொன்னேன். நம்பியவர்கள் குறைவு. அந்தத் திங்கட்கிழமை விடிந்ததும் ஒரு மாணவியின் அம்மா படம் அனுப்பியிருந்தார். பள்ளிக்குப் போகும் வழியில் காரை நிறுத்தச் சொல்லி மகள் எடுத்த படமாம். கிளை நெடுக வெள்ளை. அந்த வாரம் யாரும் இராஜராஜனைப் பற்றி எழுதவில்லை.

இனிமேல்தான் செடியை உண்டாக்கும் வேலை. நான் கேட்கும் முதல் கேள்வி, “இந்தச் செடிக்கு எதற்கு இந்த வித்தை?” மனிதனுக்கு எதற்கு என்று கேட்டால் கதை கெட்டுவிடும்; உடனே புதையல், நோய் தீர்க்கும் மருந்து, கெட்ட முதலாளி என்று கிளம்பிவிடுவார்கள். செடிக்கு என்ன கஷ்டம் என்று கேட்க வேண்டும். தீவின் மேற்குப் பக்கம் பாலிக் புலாவில் உறவினர் தோப்பு உள்ள ஒரு பையன் டுரியான் பூவைச் சொன்னான். மாலையில் விரியும், இரவில் வெளவால் வந்து தேன் குடித்து மகரந்தத்தைச் சேர்க்கும், விடிந்தால் மரத்தடியில் இதழ்கள் கொட்டிக் கிடக்கும். ஒரே இரவுதான் ஆயுசு. அந்த இரவில் வெளவால் வராவிட்டால்? அங்கேதான் பொழுதுதின்னி முளைத்தது. ஒற்றை இரவை இழுத்து நீட்டிக்கொள்ளும் பூ.

அடுத்து, ஓர் எண் வேண்டும். ‘மிகவும் மெதுவாக’ என்று விட்டால் ஆளுக்கு ஒரு வேகத்தில் எழுதுவார்கள், கேள்வியும் வராது. ஒன்றுக்கு ஏழு என்று பலகையில் எழுதினோம். உடனே எல்லாரும், “அப்போ ஒரு ராத்திரி ஏழு ராத்திரி ஆகும் டீச்சர்” என்றார்கள். ஒரு மாணவி மட்டும் தலையை ஆட்டிக்கொண்டு எழுதிக்கொண்டிருந்தாள். இரவு என்பது பன்னிரண்டு மணி நேரம். பன்னிரண்டை ஏழால் பெருக்கினால் 84 மணி நேரம். சனிக்கிழமை மாலை ஏழு மணிக்கு விரிந்த பூ புதன்கிழமை காலை ஏழு மணிக்கு வாடும். நடுவில் நான்கு இரவும் மூன்று பகலும். பகல் இருப்பதை மற்றவர்கள் மறந்திருந்தார்கள்.

அந்த மூன்று பகலில்தான் செடி உயிர்பெற்றது என்பேன். வெளியே ஒரு முழுப் பகல், பூவுக்கு ஒன்றே முக்கால் மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். ஆனால் அந்தப் பகலின் வெயில் முழுவதும் அதற்குள் விழுந்தாக வேண்டும். அதாவது ஏழு மடங்கு வெயில். மெல்லிய இரவுப்பூ கருகிப் போகும். என்ன செய்யலாம்? வெயிலே விழாத இடத்தில் வளரட்டும் என்றார்கள். பினாங்கு மலையான கொடிமலையின் சரிவில், பெரிய மரங்களுக்கு அடியில், ஓடை ஓரத்துப் பாறை இடுக்கில் என்று இடம் முடிவானது. அழகுக்காக யாரும் அந்த இடத்தைத் தேர்ந்தெடுக்கவில்லை. கணக்கு அங்கே கொண்டுபோய் விட்டது. செடி முழுவதும் இல்லாமல் பூவைச் சுற்றி ஒரு சாணுக்கு மட்டும் காலம் மெதுவாகும் என்ற விதியும் இப்படித்தான் வந்தது. இலைகளும் உள்ளே மாட்டிக்கொண்டால் இருபத்துநான்கு மணி நேரத்துக்குப் பழகிய செடிக்கு மூன்றரை மணி நேரத்துக்கும் குறைவான நாள் ஆகிவிடுமே.

அப்புறம் டுரியான் பையன் ஒரு சந்தேகம் கேட்டான். “வெளவாலும் அந்த ஒரு சாணுக்குள்ளதானே வரும்? பத்து வினாடி குடிச்சா வெளிய எழுபது வினாடி. மத்த வெளவால் எல்லாம் கியூல நிக்கணுமே டீச்சர்?” வகுப்பே சிரித்தது. ஆனால் அவன் சொன்னது சரி. வெளவால் நிறைய இருக்கும் இடத்தில் இந்த வித்தையால் ஒரு லாபமும் கிடையாது. நேரம் ஏழு மடங்கு, வரிசையும் ஏழு மடங்கு. வெளவால் அபூர்வமாக வரும் இடத்தில்தான் காத்திருப்பது பலன் தரும். ஆகவே பொழுதுதின்னி டுரியான் தோப்புப் பக்கம் வளரவே வளராது. ஒரு கேள்வியில் அதன் வாழிடம் இன்னும் சுருங்கியது.

விலை என்ன, யார் கொடுக்கிறார்கள்? இது நான் விடாமல் கேட்கும் இன்னொரு கேள்வி. வெளவால்தான் கொடுக்கிறது. பத்துப் பூவில் நிமிடத்துக்கு ஒன்றாகக் குடித்தால் அதற்குப் பத்து நிமிடம் போனது போல் இருக்கும். வெளியே எழுபது நிமிடம் போயிருக்கும். தினமும் ஒரு மணி நேர இரவு காணாமல் போகிறது. வகுப்பில் வந்த மிகச் சிறந்த கதை இதிலிருந்து பிறந்தது. எழுதியவள் வகுப்பில் வாயே திறக்காத பெண். குகைச் சுவரில் தொங்கும் வெளவால் குட்டி தன் அம்மாவுக்காகக் காத்திருக்கிறது. அம்மா தினமும் தாமதமாக வருகிறாள், தாமதமாக வந்தோம் என்பதே அவளுக்குத் தெரியவில்லை. ‘இப்போதுதானே போனேன்’ என்கிறாள். அந்தப் பெண்ணின் அம்மா தொழிற்சாலையில் ஷிப்ட் வேலை பார்க்கிறார் என்பது எனக்குத் தெரியும். கதையில் செடியைப் பற்றி நான்கே வரி. செடி இல்லாமல் அந்தக் கதை இல்லை.

எழுதும்போது ‘காலம் மெதுவாக நகர்ந்தது’ என்ற வாக்கியத்துக்கு எங்கள் வகுப்பில் தடை. ‘நேரம் உறைந்தது’ என்பதற்கும். இரண்டும் சினிமாவில் தேய்ந்துபோனவை. பதிலாக, எங்கே நின்று பார்க்கிறாய் என்று கேட்பேன். வெளியே நிற்பவனுக்கு உள்ளே எல்லாம் மெதுவாகத் தெரியும். ஒருவன் எழுதினான்: ‘இலையிலிருந்து சொட்டிய தண்ணீர் பூவுக்குப் பக்கத்தில் வந்ததும் அவசரத்தை விட்டது. அது விழுவதற்குள் நான் சட்டைப் பொத்தானைப் போட்டு முடித்தேன்.’ பொத்தான் வந்ததால் நம்புகிறோம். கணக்குப்படி பொத்தான் ஒன்றா ஐந்தா என்று சண்டை வந்தது. ஒன்று என்று திருத்தினான். தலையை உள்ளே நீட்டியவனுக்கோ வெளியே எல்லாம் வேகம்: பாறை மேல் கிடந்த வெயில் கண்ணெதிரே நகர்ந்து போகும், அக்காள் கூப்பிடும் குரல் கீச்சென்று கேட்கும். இந்த இரண்டையும் ஒரே பத்தியில் குழப்பினால் வாசிப்பவர் கைவிட்டுவிடுவார். ஒரு கதைக்கு ஓர் இடம் போதும்.

விஞ்ஞானி வந்து விளக்கம் சொல்லக்கூடாது என்பதும் எங்கள் விதி. வெள்ளைக் கோட்டுப் போட்டவர் வாயைத் திறந்தால் கதை பாடப்புத்தகமாகிவிடும். கண்டுபிடிப்பவர் யாராக இருக்கலாம் என்றால், அந்த மலையில் தினமும் நடப்பவர், குப்பை அள்ளுபவர், கைக்கடிகாரம் பழுது பார்ப்பவர் என்று பிள்ளைகளே சொன்னார்கள். கடிகாரக் கடைக்காரரிடம் மலையேறும் தாத்தா ஒருவர் ‘தினமும் பிந்துகிறது’ என்று கடிகாரத்தைக் கொண்டுவருவதாக ஒரு கதை. பழுது ஒன்றும் இல்லை என்று கடைக்காரர் திருப்பித் திருப்பிக் கொடுப்பார். தாத்தா மணிக்கட்டை எங்கே ஊன்றி இளைப்பாறுகிறார் என்பதைக் கடைசிவரை யாரும் கேட்பதில்லை. இதை எழுதியவனுக்குப் பதினொரு வயது.

மனிதர்களைக் கடைசியாகத்தான் கதைக்குள் விடுகிறேன். செடியின் விதிகள் உறுதியான பிறகு வந்தால் அவர்களால் அதைத் தம் இஷ்டத்துக்கு வளைக்க முடியாது. டுரியான் பையன் இதைச் சோதித்துப் பார்த்தான். அவன் கதையில் மாமா ஒருவர் பொழுதுதின்னிப் பூவின் பக்கத்தில் டுரியானை வைத்துவிடுகிறார். சனிக்கிழமை இரவு விழுந்த பழத்துக்குப் புதன்கிழமை காலையிலும் ஓர் இரவு வயதுதான். புளிக்காது, வெடிக்காது. வார நாளில் வரும் சுற்றுப்பயணிக்குச் சனிக்கிழமை விலைக்கே விற்கலாம். அவன் வாசித்து முடித்ததும் கணக்குப் பெண் கையைத் தூக்கினாள். பூவைச் சுற்றி ஒரு சாண்தான், எத்தனை பழம் வைப்பார்? ஒன்று, நெருக்கி வைத்தால் இரண்டு என்றான். இரண்டு பழத்துக்காக மலையேறிப் போய், புதன்கிழமை மறுபடி ஏறி இறக்கிக்கொண்டு வருவாரா என்று அவள் கேட்டாள். அவன் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, “விலை ஒசந்த மூசாங் கிங் டுரியானா இருந்தா ஏறுவாரு” என்றான்.